மதிலுக்குள் மறைந்த பெயர்கள்

அயர்லாந்து என்னும் பெயர் நம் முன்னோரின் செவிகளில் விடுதலைக் கீதமாய் ஒலித்த காலம் ஒன்று இருந்தது. கார்க் நகர மேயர் டெரன்ஸ் மாக்ஸ்வினி 1920-ல் ஆங்கிலேயர் சிறையில் 74 நாட்கள் உண்ணாநோன்பிருந்து உயிர் நீத்தார் என்ற செய்தி இந்தியத் தலைவர்களின் நெஞ்சங்களை உலுக்கியது. பின்னாளில் நம் குடியரசுத் தலைவராய் விளங்கிய வி. வி. கிரி சட்டம் பயிலச் சென்றது டப்ளின் மாநகருக்கே. சென்னை அடையாற்றில் 1917-ல் இந்திய மாதர் சங்கம் தோன்றியபோது அதன் மூலவர்களில் ஒருவராய் நின்ற மார்கரெட் கசின்ஸ் அம்மையார், பெண்களுக்கு வாக்குரிமை வேண்டித் தம் தாய்நாட்டிலேயே சிறை சென்ற ஐரிஷ் மாதரசி. அம்மையாரின் தாயகம் 1922-ல் தனியரசாயிற்று. அவ்வாண்டு வகுக்கப்பட்ட அரசியல் சட்டத்திலேயே, இருபத்தொரு வயது நிரம்பிய ஆண் பெண் அனைவர்க்கும் சமமான வாக்குரிமை வழங்கப்பெற்றது. பிரிட்டன் தன் பெண்களுக்கு அதனை முழுமையாய் அளிக்க 1928 வரை காலம் கடத்தியது என்பதையும் எண்ணிப் பார்க்க வேண்டும்.

அதே 1922-ஐத் தொடக்க ஆண்டாகக் கொண்ட கணக்கு வேறொன்றும் அந்நாட்டில் உண்டு. செனட்டர் மார்ட்டின் மக்கலீஸ் தலைமையில் அமைந்த அரசுக் குழு 2013 பிப்ரவரியில் வெளியிட்ட அறிக்கையில் அது காணப்படுகிறது. ஆயிரம் பக்கங்களுக்கு மேற்பட்ட அவ்வறிக்கையைப் பல மாலைப் பொழுதுகளில் சிறிது சிறிதாகவே நாம் படித்து முடித்தோம். ஒரே மூச்சில் படிக்கத்தக்க நூலன்று அது. கத்தோலிக்கக் கன்னியாஸ்திரீகளின் நான்கு சபைகள் நடத்திய பத்துச் சலவைச் சாலைகளுக்குள் 1922-க்கும் 1996-க்கும் இடையே சென்ற பெண்களின் வரலாறு அதில் அடங்கியிருக்கிறது. பதிவேடுகள் கிட்டிய அளவில் அவர்கள் தொகை 10,012. இரண்டு சலவைச் சாலைகளின் ஏடுகள் எஞ்சவில்லையாதலால் அவற்றில் இருந்தோர் இத்தொகையில் சேரவில்லை. உள்ளே சென்றவர்களுள் மிக இளையவளுக்கு வயது 9. மிக மூத்தவருக்கு 89.

இப்பொருள் பற்றி எழுத எண்ணியிருக்கிறோம் என்று நாம் கூறியபோது நண்பர் ஒருவர் முகம் சுளித்தார். அயலார் வீட்டு அழுக்கை நாம் ஏன் கிளற வேண்டும், பிற மதத்தாரின் குறையைப் பேசி மகிழ்வதாக ஆகிவிடாதா என்பது அவர் ஐயம். நல்ல ஐயமே. ஆனால் இவ்வரலாற்றைப் படித்தவர்க்கு மகிழ்ச்சி எங்கிருந்து வரும்? அந்தச் சலவைச் சாலைகளின் வாயிலில் பெண்ணைக் கொண்டுபோய் நிறுத்திய கரங்களுள் தகப்பனின் கரமும் இருந்தது. ஊர் என்ன சொல்லும் என்ற அச்சம் எந்த ஒரு மதத்தாருக்கும் தனிச் சொத்தன்று. பெண் மக்களைப் பெற்ற எவரும் அந்த அறிக்கையை அயலார் வீட்டுக் கதையாகப் படித்துவிட இயலாது என்று நண்பரிடம் கூறினோம். அவர் மறுமொழி கூறவில்லை. எழுத வேண்டாம் என்று பின்னர் சொல்லவும் இல்லை.

முதலில் பெயரைப் பார்ப்போம். இவை மகதலேனா சலவைச் சாலைகள் எனப்பட்டன. மகதலேனா மரியாள் என்பவர் ஈஸா நபியவர்களின் அன்னை மர்யம் அல்லர். சுவிசேஷங்களில் வரும் வேறொரு பெண்மணி. ஏழு பேய்கள் நீங்கப் பெற்றவர் என்றும், இயேசு உயிர்த்தெழுந்ததை முதலில் கண்ட சாட்சி என்றும் கிறித்தவ வேதம் அவரைப் பற்றிக் கூறுகிறது. அவர் விலைமகளாய் இருந்தார் என்று அதில் எங்கும் இல்லை. கி.பி. 591-ல் போப் முதலாம் கிரகோரி தம் பிரசங்கம் ஒன்றில், பெயர் குறிப்பிடப்படாத ‘பாவியாகிய ஒரு பெண்’ணையும் இவரையும் ஒருவராக்கிப் பேசினார். அதிலிருந்து ஏறக்குறைய பதினான்கு நூற்றாண்டுகள் அப்பழி இவர் மேல் நின்றது. 1969-ல்தான் ரோமாபுரியின் திருவிழா அட்டவணை அதனைத் திருத்திக்கொண்டது. செய்யாத குற்றத்தைச் சுமந்த ஒரு பெண்ணின் பெயரையே இந்நிலையங்களுக்குச் சூட்டியிருந்தார்கள்.

டப்ளினில் இத்தகைய முதல் இல்லத்தை 1767-ல் லீசன் தெருவில் திறந்தவர் அரபெல்லா டென்னி சீமாட்டி. அவர் கத்தோலிக்கரும் அல்லர், புராட்டஸ்டண்டு பிரிவினர். வழி தவறிய இளம்பெண்களுக்குச் சிறிது காலம் தங்க இடமளித்து, கைத்தொழில் கற்பித்து, மீண்டும் வாழ்க்கையில் சேர்ப்பதே அன்றைய நோக்கம். பெண்கள் வந்தார்கள், போனார்கள். பத்தொன்பதாம் நூற்றாண்டில் கன்னியாஸ்திரீகளின் சபைகள் இப்பணியை மேற்கொண்ட பின்னர் வாயில் மெல்ல மெல்லக் குறுகியது. வருவது எளிதாயிற்று, போவது அரிதாயிற்று. சலவைத் தொழில் இல்லத்தின் செலவுக்கு வழி செய்ததோடு, பாவத்தைக் கழுவும் பரிகாரம் என்ற பொருளும் அதற்குக் கற்பிக்கப்பட்டது. அழுக்கை வெளுப்பதில் ஆன்மாவும் வெளுக்குமாம்!

சுதந்திர அயர்லாந்து இவ்வேற்பாட்டை அப்படியே ஏற்றுக்கொண்டது. ஏற்றதோடு நில்லாமல் தனக்குப் பயன்படும் கருவியாகவும் ஆக்கிக்கொண்டது. 1937-ன் அரசியல் சட்டம் கத்தோலிக்கத் திருச்சபைக்குத் தனியிடம் தந்தது. 1972-ல் நடந்த மக்கள் வாக்கெடுப்பின் பின்னரே அவ்வாசகம் நீக்கப்பட்டது. திருமணமாகாமல் தாயான பெண்ணுக்கு அரசின் உதவித்தொகை கிடைத்தது 1973-ல். ‘முறை தவறிப் பிறந்த பிள்ளை’ என்ற சட்டப் பாகுபாடு ஒழிந்தது 1987-ல். இடைப்பட்ட காலத்தில் ஏழைப் பெண்ணொருத்தி எதிலேனும் தடுமாறினால் அவளுக்கென்று திறந்திருந்த கதவுகள் மிகச் சில. அச்சிலவும் உட்புறமாய்ப் பூட்டப்படுபவை.

சலவைச் சாலைகளில் இருந்தோர் அனைவரும் மணமாகாத தாய்மார் என்றே பலரும் எண்ணுகின்றனர். அது முற்றிலும் சரியன்று. அத்தாய்மாருக்கெனத் தனி இல்லங்கள் இருந்தன. அங்கிருந்தும் சிலர் இங்கு அனுப்பப்பட்டனர் என்பது உண்மை. ஆனால் வேறு வழிகளில் வந்தோரே பலர். அநாதைகளாய்த் தொழிற்பள்ளிகளில் வளர்ந்து, பதினாறு வயதானதும் நேரே இங்கு மாற்றப்பட்ட சிறுமியர் உண்டு. வெளி உலகின் ஒரு தெருவைக்கூடத் தனியே நடந்தறியாதவர்கள் அவர்கள். சிறு திருட்டுக்காக நீதிமன்றம் சிறைக்கு மாற்றாய் அனுப்பியவர்கள், தாய் இறந்தபின் மாற்றாந்தாய்க்குப் பாரமானவர்கள், அறிவு வளர்ச்சி குன்றியவர்கள், தம் வீட்டு ஆண்களாலேயே கெடுக்கப்பட்டு, கெடுத்தவன் வீட்டிலிருக்கத் தாம் மதிலுக்குள் வந்தவர்கள் என இவ்வரிசை நீளுகிறது. வந்த வழி தெரிந்தவர்களுள் நூற்றுக்கு 26.5 பேரை அனுப்பியது அரசின் ஏதோவொரு துறை என்று அறிக்கை கணக்கிட்டது. அதுவரை அரசு, இவை தனியார் நிலையங்கள், நமக்குச் சம்பந்தமில்லை என்றே சொல்லி வந்தது.

சிறைக்கைதிக்காவது தண்டனையின் முடிவு நாள் தெரியும். இவர்களுள் பலருக்கு ஏன் வந்தோம் என்பதும் தெரியாது, எப்போது போவோம் என்பதும் தெரியாது. இந்த நிச்சயமின்மையே உழைப்பைக் காட்டிலும் தங்களை வதைத்தது எனப் பின்னாளில் பலரும் கூறினர். உழைப்பும் இலேசானதன்று. விடியலில் எழுந்து வழிபாடு, பின் வேலை. கொதிநீர்த் தொட்டிகளின் ஆவி, சலவைச் சோடா தின்ற கைகள், ஈரத் துணியின் பாரம், பிழியும் உருளைகள், வெப்பம் கக்கும் இஸ்திரி யந்திரங்கள், இவற்றின் இடையே ஜெபத்தைத் தவிர வேறு பேச்சு கூடாது என்ற மௌன விதி. ஊதியம் இல்லை. தொழிலாளர் காப்பீட்டுக்கான சந்தாவும் எவரும் கட்டவில்லை. ஆகவே வாழ்நாளெல்லாம் உழைத்தும், முதுமையில் ஓய்வூதியம் கேட்கச் சென்றபோது அவர்கள் ஒருநாளும் வேலை செய்யாதவர்களாய் ஏட்டில் நின்றனர்.

உள்ளே நுழைந்தவுடன் கூந்தலைக் கத்தரிப்பது பல இடங்களில் வழக்கம். சொந்த உடையை வாங்கிக்கொண்டு உருவமற்ற ஒரு சீருடையைக் கொடுப்பார்கள். அதன்பின் பெயரை வாங்கிக்கொள்வார்கள். வந்தவளுக்கு ஒரு புனிதரின் பெயர் சூட்டப்படும். அன்று முதல் அவள் அப்பெயருக்கே திரும்பிப் பார்க்க வேண்டும். கன்னியாஸ்திரீகள் இதற்கு ஒரு விளக்கம் அளித்தார்கள்: பெண்களின் இரகசியத்தைக் காக்கவும், கடந்த காலத்தின் நிழல் அவர்கள் மேல் விழாதிருக்கவும் இவ்வாறு செய்தோம் என்றார்கள். தாங்களும் துறவு ஏற்கையில் பெயர் மாற்றிக்கொண்டவர்கள்தாமே என்றும் வாதிடலாம். ஆனால் துறவி தானே விரும்பித் துறந்தாள். இவளிடம் யாரும் கேட்கவில்லை. பல்லாண்டுகள் அருகருகே நின்று ஒரே விரிப்பின் இரு முனைகளைப் பிடித்து மடித்த இரு பெண்கள், ஒருவர் உண்மைப் பெயரை மற்றவர் அறியாமலே பிரிந்தார்கள். பின்னாளில் ஒருவரையொருவர் தேட முற்பட்டபோது எப்பெயரைச் சொல்லித் தேடுவது?

இவ்விடத்தில் நமக்கு ஒரு நினைவு குறுக்கிடுகிறது. நம் ஊர்களில் சலவைக்குப் போகும் துணிகளில் சேங்கொட்டைப் பாலால் சிறு குறி இடுவார்கள். எத்தனை வீட்டுத் துணி கலந்து கிடந்தாலும், எத்தனை முறை வெள்ளாவியில் வெந்தாலும் அக்குறி அழியாது. வேட்டி அவரவர் வீட்டுக்கு வந்து சேர்ந்துவிடும். சலவைத் தொழிலின் நாணயமே அதில்தான் இருக்கிறது. எந்நாட்டுச் சலவைச் சாலையானாலும் இன்னார் துணி இத்தனை என்ற கணக்கு இல்லாமல் நடவாது. டப்ளின் ஹை பார்க் சலவைச் சாலையின் 1980-களின் தொடக்கத்து வாடிக்கையாளர் ஏடு ஒன்று பின்னாளில் வெளிப்பட்டது. விடுதிகள், மருத்துவமனை, அரசுத் துறைகள், குடியரசுத் தலைவர் மாளிகை என ஒவ்வொருவர் பெயரும் அதில் ஒழுங்காய் இருந்தது. துணி வந்ததும் போனதும் தெரிந்தன. துவைத்த கைகளுக்கு உரியவர் யார் என்பதற்குத்தான் விடை தேட வேண்டியிருந்தது.

ஆகவே, மதிலைக் கட்டியவர்கள் கன்னியாஸ்திரீகள் மட்டும் என்று முடித்துவிடுவது எளிது. எளிதென்பதனாலேயே அதில் நமக்கு நம்பிக்கை இல்லை. வெளுத்த துணியை வாங்கிய விடுதிக்காரருக்கு அது எங்கிருந்து வந்ததென்று தெரியும். இராணுவத்தின் துணிகளும் அங்கே வந்தன. மதில் தாண்டி ஓடியவளைத் தெருவில் பிடித்து அதே சீருடையோடு திருப்பிக் கொண்டுவந்து விட்டவர் போலீஸ்காரர். பங்குப் பாதிரியார் தகப்பனுக்கு யோசனை சொன்னார். தகப்பன் அதனை ஏற்றார். அண்டை வீட்டார், அந்தப் பெண் எங்கே என்று கேட்காமல் இருந்து உதவினார்கள். தந்தையைக் காட்டிலும் தனயர் கொடியவராய் இருந்த இடங்களும் உண்டு: பெற்றோர் இறந்தபின் சகோதரியை வெளியே அழைத்துவர ஒரு கையெழுத்துப் போதும் என்ற நிலையிலும், கையெழுத்திட மனம் வராத குடும்பங்கள் இருந்தன. சிறைச்சாலைகளில் அன்றி, மனநோய் மருத்துவமனை, தொழிற்பள்ளி, தாய் சேய் இல்லம், சலவைச் சாலை ஆகியவற்றையும் சேர்த்துப் பார்த்தால், 1950-களின் தொடக்கத்தில் அயர்லாந்து மக்களில் நூற்றுக்கு ஒருவர் ஏதோவொரு மதிலுக்குள் இருந்தார் என்று ஆய்வாளர் கணக்கிட்டிருக்கின்றனர். சிறையில் இருந்தவர்கள் அதில் மிகச் சிறு பகுதி. குற்றம் குறைந்த நாடு என்று பெயர் பெற்ற நாட்டின் மறுபக்கம் இது.

கன்னியாஸ்திரீகளுக்கும் நியாயம் செய்ய வேண்டும். அவர்களும் பெரும்பாலும் எளிய குடும்பங்களிலிருந்து இளவயதில் வந்தவர்கள். அதே மதிலுக்குள், அதே குளிரில், தம் ஆயுளைக் கழித்தவர்கள். எவரும் ஏற்காத பெண்களுக்குக் கூரையும் உணவும் தந்தோம் என்று அச்சபையினர் சொல்வதில் ஓரளவு உண்மை இருக்கிறது. எவரும் ஏற்கவில்லை என்பது மெய்தானே. அறிக்கைக் குழுவின் முன் பேசிய பெண்களில் சிலர், தம்மிடம் பரிவு காட்டிய இன்ன சகோதரியை மறக்க இயலாது என்றும் சொல்லியிருக்கின்றனர். நம் சென்னைக்கே 1842-ல் அயர்லாந்திலிருந்து பிரசன்டேஷன் சபைக் கன்னியாஸ்திரீகள் வந்து பெண் குழந்தைகளுக்குப் பள்ளி நடத்தினர். அந்நாட்டில் நான்கு சலவைச் சாலைகளை நடத்திய குட் ஷெப்பர்டு சபையின் பெயர், சென்னைவாசிகளுக்கு ஒரு பள்ளிக்கூடத்தின் பெயராகவே பழக்கம். ஒரே அங்கியை அணிந்தவர்கள் ஓரிடத்தில் ஏட்டைத் திறந்தார்கள்; வேறோரிடத்தில் கதவைப் பூட்டினார்கள். நல்லெண்ணத்தைக் கேள்வி கேட்க ஒருவரும் இல்லாத இடத்தில் அது என்னவாகும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்றை நாம் படித்ததில்லை.

இனி ஹை பார்க் பற்றிக் கூற வேண்டும். டப்ளினின் வடபுறம் டிரம்கோண்ட்ராவில் இருந்த அந்நிலையம் நாட்டிலேயே பெரிய சலவைச் சாலைகளுள் ஒன்று. அதனை நடத்திய சபையார் 1993-ல் தம் நிலத்தின் ஒரு பகுதியைக் கட்டட வணிகருக்கு விற்றனர். அந்நிலத்தில் ஒரு கல்லறைத் தோட்டம் இருந்தது. சலவைச் சாலையிலேயே வாழ்ந்து மடிந்த பெண்களை அடக்கம் செய்த இடம் அது. நிலம் கைமாற வேண்டுமானால் கபர்கள் காலியாக வேண்டும். 133 உடல்களைத் தோண்டியெடுக்க அரசின் அனுமதி பெறப்பட்டது. தோண்டியபோது எண்ணிக்கையில் அடங்காத மேலும் 22 உடல்கள் கிடைத்தன. அவர்கள் யார், எப்போது இறந்தார்கள் என்பதற்கு ஏட்டில் ஒரு வரியும் இல்லை. அனுமதி பெற்ற பட்டியலிலேயே பலருக்கு இறப்புச் சான்று இல்லை. இருபதுக்கும் மேற்பட்டோர் அவர்கள் மீது சூட்டப்பட்ட புனிதப் பெயர்களால் மட்டுமே குறிக்கப்பட்டிருந்தனர். பெற்றோர் இட்ட பெயர் காணப்படவில்லை. கூடுதலாய்க் கிடைத்த உடல்களுக்கும் அனுமதி நீட்டிக்கப்பட்டது. 155 பேரில் ஏறக்குறைய அனைவரின் எலும்புகளும் எரியூட்டப்பட்டு, சாம்பல் கிளாஸ்நெவின் இடுகாட்டில் ஒரே இடத்தில் வைக்கப்பட்டது. இறப்பைப் பதிவு செய்யாதிருப்பது அந்நாட்டுச் சட்டப்படி குற்றம். எவர் மீதும் வழக்குத் தொடரப்படவில்லை. இவ்விவரங்கள் முழுமையாய் வெளிவந்தது பத்தாண்டுகள் கழித்து, 2003-ல், பத்திரிகையாளர் மேரி ராஃப்டரி அம்மையாரின் எழுத்தால்.

மையித்தின் எலும்பை முறிப்பதையே உயிருள்ளவரின் எலும்பை முறிப்பதற்கு ஒப்பாய்க் கருதும் நமக்கு இதைப் படிக்கையில் எழுதுகோல் சற்று நின்றுவிடுகிறது. அயர்லாந்து மக்களும் மரித்தோரை மண்ணில் அடக்கம் செய்து, கல் நட்டு, ஆண்டுதோறும் சென்று வழிபடுவோரே. எரியூட்டல் அவர்தம் மரபன்று. ஆதலால்தான் வாழ்ந்த காலத்தில் அப்பெண்களைப் பற்றிக் கேட்காத நாடு, அவர்கள் கபரிலிருந்து வெளியேற்றப்பட்டபோது முதன்முதலாய்க் கேட்கத் தொடங்கியது. அவ்விடத்தில் பாட்டியையோ அத்தையையோ இழந்திருக்கலாம் என்று ஐயுற்ற குடும்பத்தார் சிலர் ஒன்றுகூடினர். அவர்தம் முயற்சியால் 1996 ஏப்ரலில் டப்ளின் பூங்கா ஒன்றில் இப்பெண்களின் நினைவாய் ஓர் இருக்கை அமைந்தது. அன்றைய குடியரசுத் தலைவர் மேரி ராபின்சன் அதனைத் திறந்து வைத்தார்.

ஹை பார்க் வளாகத்திலேயே சிறுமியர்க்கான பயிற்சி இல்லம் ஒன்றும் இருந்தது. பதினான்கு, பதினைந்து வயதில் அங்கே ஏறக்குறைய ஒன்றரை ஆண்டு வைக்கப்பட்டிருந்த பெண் ஒருவரை உலகம் பின்னர் பாடகியாய் அறிந்தது: சினேட் ஓகானர். ஒழுங்கு மீறியதற்குத் தண்டனையாக ஓர் இரவு, அதே வளாகத்தில் இறப்பை எதிர்நோக்கிக் கிடந்த முதிய பெண்களின் கூடத்தில் தம்மை உறங்க வைத்தார்கள் என்றும், அம்முதியவர்கள் யார் என்பது தமக்குப் பின்னர்தான் விளங்கியது என்றும் அவர் கூறினார். தமக்கு முதன்முதலில் கித்தார் வாங்கித் தந்தவரும் அங்கிருந்த ஒரு கன்னியாஸ்திரீயே என்பதையும் அவர் மறைக்கவில்லை. 1992-ல் அமெரிக்கத் தொலைக்காட்சியில் போப்பாண்டவரின் படத்தைக் கிழித்தபோது அவரை உலகமே ஏசியது. குழந்தைகளுக்கு இழைக்கப்பட்ட கொடுமையை அவர் சுட்டிக்காட்டினார் என்பதை ஏசியவர்கள் உணரப் பல்லாண்டுகள் ஆயின. 2018-ல் அவர் இஸ்லாத்தைத் தழுவி ஷுஹதா சதகத் என்று பெயர் வைத்துக்கொண்டார். 2023 ஜூலையில் காலமானார். அவர் மதம் மாறியதை நம்மவர் சிலர் வெற்றியாய்க் கொண்டாடியதை நாம் அறிவோம். அது அவருக்கும் அவரைப் படைத்தவனுக்கும் இடைப்பட்ட செய்தி. நம் கருத்தில் நின்றது வேறு. பெயரைப் பிறர் பறித்துக்கொண்ட முதியவர்களின் அருகே ஓரிரவு படுத்திருந்த அச்சிறுமி, தன் ஐம்பத்தோராம் வயதில் தனக்கென ஒரு பெயரைத் தானே தேர்ந்துகொண்டாள்.

கடைசிச் சலவைச் சாலை 1996 அக்டோபர் 25-ல் மூடப்பட்டது. டப்ளின் நகரின் நடுவே ஷான் மக்டர்மட் தெருவில் இருந்தது அது. 1916 புரட்சியில் ஆங்கிலேயரால் சுட்டுக் கொல்லப்பட்ட தியாகியின் பெயர் அத்தெருவுக்கு! மூடக் காரணம் மனமாற்றமன்று. வீடுதோறும் துணி துவைக்கும் யந்திரம் வந்துவிட்டதும், உள்ளே வருவோர் குறைந்ததுமே. அப்போது எஞ்சியிருந்த பெண்கள் பலர் முதுமையடைந்திருந்தனர். போக்கிடமின்றிக் கன்னியாஸ்திரீகளின் பராமரிப்பிலேயே தங்கினர்.

பின்னர் நடந்தவை பலரும் அறிந்தவை, சுருங்கக் கூறுவோம். உயிரோடிருந்த பெண்களுக்காக வாதாடிய சிறு குழுவினர் ஐக்கிய நாடுகளின் சித்திரவதை எதிர்ப்புக் குழுவரை சென்றனர். 2011-ல் அக்குழு விசாரணை வேண்டும் என்றது. விளைவுதான் மக்கலீஸ் அறிக்கை. அறிக்கை வந்தவுடன் பிரதமர் எண்டா கென்னி தயங்கித் தயங்கியே பேசினார். இரண்டு வாரம் கழித்து, 2013 பிப்ரவரி 19-ல், நாடாளுமன்றத்தில் அரசின் சார்பில் முழு மன்னிப்புக் கேட்கையில் அவர் குரல் தழுதழுத்தது. மாடத்தில் அமர்ந்திருந்த முதிய பெண்களை நோக்கி உறுப்பினர் அனைவரும் எழுந்து நின்று கைதட்டினர். தங்கிய காலத்திற்கேற்ப 11,500 யூரோ முதல் 1,00,000 யூரோ வரை இழப்பீடும், இழந்த ஓய்வூதியமும் வழங்கத் திட்டம் வகுக்கப்பட்டது. நான்கு சபைகளும் அந்நிதிக்குப் பங்களிக்க இசையவில்லை. அறிக்கையின் மேலும் குறைகள் கூறப்பட்டன. பெரும்பாலோர் ஓராண்டுக்குள் வெளியேறினர் என்று அது கணக்கிட்டிருந்ததை, கிடைத்த ஏடுகள் அரைகுறையானவை என்று காட்டி ஆய்வாளர் மறுத்தனர். அந்த மறுப்புக்கு அவர்கள் எடுத்துக்கொண்ட சான்று விந்தையானது. அதனை இறுதியில் சொல்கிறோம்.

2018 ஜூனில் அயர்லாந்து, இங்கிலாந்து, இன்னும் கடல் கடந்த நாடுகளிலிருந்தும் 200-க்கும் மேற்பட்ட பெண்கள் டப்ளினில் ஒன்றுகூடினர். குடியரசுத் தலைவர் மைக்கேல் ஹிக்கின்ஸ் அவர்களைத் தம் மாளிகைக்கு அழைத்து வரவேற்றார். மேலே நாம் குறிப்பிட்ட ஹை பார்க் ஏட்டில் வாடிக்கையாளராய்ப் பதிவாகியிருந்த அதே மாளிகை. ஷான் மக்டர்மட் தெருக் கட்டடத்தை அயல்நாட்டு விடுதி நிறுவனம் ஒன்றுக்கு விற்க அவ்வாண்டில் முயற்சி நடந்தது. நகரமன்ற உறுப்பினர் வாக்களித்து அதனைத் தடுத்தனர். அவ்விடத்தில் தேசிய நினைவு ஆய்வு மையம் அமைக்க 2022-ல் அரசு ஒப்புதல் அளித்தது.

அந்தச் சான்று இதுதான். தன்னார்வலர் சிலர் இடுகாடுகளுக்குச் சென்று சலவைச் சாலைப் பெண்களின் கல்லறைகளில் பொறித்த பெயர்களை ஒவ்வொன்றாய் எழுதிக்கொண்டனர். அவர்கள் சேர்த்த பெயர்கள் 1,600-க்கு மேல். 1922-க்குப் பின் இறந்தோர் என அரசு அறிக்கை காட்டிய தொகையோ 879. பின்னர் அப்பெயர்களை 1901, 1911-ஆம் ஆண்டுகளின் குடிமதிப்பு ஏடுகளோடு ஒப்பிட்டனர். அதன்பின் வாக்காளர் பட்டியல்களை எடுத்தனர். 1922-ன் சட்டம் எல்லாப் பெண்களுக்கும் வாக்குரிமை தந்ததல்லவா? மதிலுக்குள் இருந்தவர்களும் சட்டப்படி வாக்காளர்களே. ஆகவே சலவைச் சாலையின் முகவரியில், பெற்றோர் இட்ட உண்மைப் பெயரோடு, அவர்கள் பட்டியலில் இருந்தனர். டப்ளின் டானிபுரூக் சலவைச் சாலையின் 1950-களின் பட்டியலில் உள்ள ஒரு பெயரை அடுத்த பத்தாண்டின் பட்டியலில் தேடினார்கள், இருந்தது. அதற்குப் பிந்திய காலத்தில் தேடினார்கள், அங்கே இல்லை. கல்லறையில் இருந்தது.